பாதி ஓசோனை அச்சிட்ட ஆசிரியருக்கு

தேயிலைத் தோட்டம், மேல் டிவிஷன்,
கேமரன் மலை, பகாங்.
18.11.1989

பெருமதிப்பிற்குரிய ஆசிரியர் ஐயா அவர்களின் சமூகத்திற்கு, மேற்படி தோட்டத்துப் பேக்டரியில் இலை வாட்டும் மாடியில் ஆயுசில் பாதியைக் கழித்து ஓய்வு பெற்ற பழனியப்பன் பணிவான வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இவ்விடம் நானும் என் மனைவி அம்மாக்கண்ணுவும் மகள் செல்லமும் மாரியம்மன் புண்ணியத்தில் உயிரோடு இருக்கிறோம். 'நலம்' என்று எழுதுவதுதான் முறை. ஆனால் இந்தப் பதினைந்து நாளாக நாங்கள் பட்ட பாட்டுக்கு அந்தச் சொல் கொஞ்சம் பெரிசு. தங்களின் நலத்துக்கும், துணையாசிரியர்கள், அச்சுக் கோப்போர், விடியற்காலையில் தாப்பாவிலிருந்து பேப்பர் கட்டை மலைக்கு ஏற்றிவரும் வேன்காரர் ஆகியோரின் நலத்துக்கும் வேண்டிக்கொள்கிறேன். தங்கள் ஞாயிறு மலரில் 'வானமும் நாமும்' என்று ஒரு பகுதி எழுதுகிறாரே ஒரு புண்ணியவான், அவரை இந்த வேண்டுதலில் சேர்ப்பதா வேண்டாமா என்பதைக் கடிதம் முடியும்போது பார்த்துக்கொள்கிறேன்.

ஐயா, எங்கள் லயன் வீட்டு வரிசையில் பேப்பர் வாங்குவது ஒரு வீடு, கேட்பது மற்ற எல்லா வீடும். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் கோயில் கொட்டகையில் எனக்கு ஒரு நாற்காலி போடுவார்கள். நான் கண்ணாடியை மாட்டிக்கொண்டு சத்தமாக வாசிப்பேன். முதலில் சினிமா, பிறகு கோர்ட்டுச் செய்தி, கடைசியில் மரண அறிவிப்பு, அத்துடன் சபை கலையும். அறிவியல் பகுதியை நான் தொடுவதே கிடையாது. தவறாக நினைக்க வேண்டாம், வடை மடிக்க அது நல்ல அளவு. ஆனால் தீபாவளி கழிந்த அடுத்த ஞாயிறன்று மழை பிடித்தது பிடித்தபடி நின்றுவிட்டது. மரண அறிவிப்பு வரை முடிந்தும் யாரும் வீட்டுக்குப் போக வழியில்லை. "இன்னும் ஏதாச்சும் படிங்கண்ணே, பொழுது போகணுமில்ல" என்றார் எங்கள் கோயில் பூசாரி ஆண்டியப்பன். வேறு எதுவும் மிச்சமில்லை. சூரியனைப் பார்த்தே ஒரு வாரம் ஆகியிருந்த எங்கள் மலையில், மழைக்கு ஒதுங்கியிருந்த சனத்துக்கு, நான் சூரியனைப் பற்றி வாசித்தேன். சனியன் வேறெப்படி வரும்?

தாங்கள் அச்சிட்டது இதுதான். சூரியனில் ஏறத்தாழப் பதினோரு ஆண்டுக்கு ஒருமுறை கொந்தளிப்பு உச்சத்துக்கு ஏறுகிறதாம். இப்போது அந்த உச்சமாம். அதன் முகத்தில் கரும்புள்ளிகள் பெருகியிருக்கின்றனவாம். போன மாதம் பெரிய வெடிப்பு ஒன்று நடந்து, புரோட்டான் என்னும் துகள்கள் கூட்டங்கூட்டமாகக் கிளம்பி வந்து, பூமியின் இரண்டு துருவங்களுக்கு மேலே இறங்கி, அங்கே காற்றை உடைத்து நைட்ரஜன் ஆக்சைடு என்ற ஒன்றை உண்டாக்கி, அது ஓசோனை அரிக்கிறதாம். ஓசோன் என்பது வெயிலின் விஷக்கதிர் நம் மேல் படாமல் உயரத்தில் விரித்திருக்கும் குடை. இந்தக் கொந்தளிப்பு இன்னும் இரண்டு ஆண்டு நீடிக்கலாமாம். முற்றும். முற்றும் இல்லை, 'மீதி அடுத்த வாரம்' என்று கொசு முட்டை அளவில் கீழே ஒரு வரி இருந்ததை நான் பிற்பாடுதான் பார்த்தேன்.

வாசித்து முடித்ததும் கொட்டகையில் எல்லாரும் நாற்காலியை நெருங்கி வந்தார்கள். ஆண்டியப்பன் தாடியைத் தடவிக்கொண்டு, "ஏண்ணே, இந்தப் புரோட்டான்ங்கிறது யாரு, ராகுவா கேதுவா?" என்று கேட்டார். எனக்கு என்ன தெரியும் ஐயா? தேயிலை எத்தனை மணி நேரத்தில் வாடும் என்று கேளுங்கள், மோந்து பார்த்தே சொல்வேன். புரோட்டானை நான் எங்கே கண்டேன்? தெரியாது என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இந்தக் கடிதமே இல்லை. ஆனால் மொத்த லயனும் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தது. "ஏறக்குறைய ராகு மாதிரின்னு வச்சுக்கங்களேன்" என்றேன். "அப்ப இது கிரகணம்!" என்று எழுந்தே நின்றுவிட்டார் ஆண்டியப்பன். ஓரத்தில் நின்ற லோரி டிரைவர் கிரகரி, "ஐயா, கிரகணம் எங்களுக்கும் உண்டா, இல்ல இந்துவுக்கு மட்டுந்தானா லா?" என்று கேட்டான். அவன் கேலிக்குக் கேட்டானா, பயந்து கேட்டானா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

கிரகணம் என்றால் தாங்கள் அறிவீர்கள். அடுப்பு மூட்டக் கூடாது, இருக்கிற பண்டத்தில் தர்ப்பை கிள்ளிப் போட வேண்டும், பிள்ளைத்தாய்ச்சி வாசல் தாண்டக் கூடாது, விட்ட பிறகு தலை முழுக வேண்டும். இதெல்லாம் இரண்டு மணி நேரக் கிரகணத்துக்குச் செய்து வைத்த சட்டம். இரண்டு வருஷக் கிரகணத்தை நம் முன்னோர் எதிர்பார்க்கவில்லை. "ரெண்டு வருசத்துக்கு ஒல வைக்கக் கூடாதா?" என்று யாரோ ஒரு பெண்பிள்ளை கேட்க, கூட்டத்தில் பெரிய கலக்கம். ஆண்டியப்பன் யோசித்து யோசித்து, அடுப்புக்கு மேலே ஒரு குடையை விரித்துக் கட்டிவிட்டுச் சமைத்தால் தோஷமில்லை என்று தீர்ப்புச் சொன்னார். ஓட்டைவிழுந்த பெரிய குடைக்குப் பதிலாக ஆளுக்கொரு சின்னக் குடை. கேட்க நியாயமாகத்தான் இருந்தது. அன்று சாயங்காலமே எங்கள் வீட்டுக் குடையில் புகை ஏறி, மறுநாள் அது மழையில் நனைந்தபோது என் வெள்ளைச் சட்டையெல்லாம் கரி ஒழுகியது. தர்ப்பைக்கு இந்த மலையில் எங்கே போவது? குழம்புக்கு வாசத்துக்காகப் போடுகிற எலுமிச்சைப் புல், அந்தச் செரையும் புல்தானே என்று அதை வெட்டி தீபாவளி முறுக்கு டின்களில் திணித்தார்கள். ஐயா, செரை வாசம் ஏறின முறுக்கைத் தாங்கள் தின்றதுண்டா? சோப்பைக் கடித்தது போல் இருக்கும். தின்றோம்.

கிரகணம் உண்மையா என்று பார்க்க இன்னொரு சோதனையும் உண்டு. தாம்பாளத்தில் தண்ணீர் ஊற்றி உலக்கையை நிறுத்தினால், கிரகணம் பிடித்திருக்கும் வரை பிடிமானம் இல்லாமல் நிற்கும், விட்டால் விழும். ஆண்டியப்பன் கோயில் உலக்கையைக் கொண்டுவந்து நிறுத்தினார். நின்றது! எப்படி நிற்காது? எத்தனையோ திருவிழாவுக்கு மாவு இடித்து அடிப்பக்கம் மழுங்கி, மேசைக்கால் கணக்காகப் போன உலக்கை அது. தீபாவளிக்கு முன்னே நிறுத்தியிருந்தாலும் நின்றிருக்கும். ஆனால் இதை வாய்விட்டுச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. திங்கள் நின்றது, செவ்வாய் நின்றது. போகிறவர் வருகிறவர் எல்லாம் எட்டிப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள்.

வேலைக்குப் போகாமல் முடியாது. எங்கள் பெண்கள் இரண்டு கையாலும் கத்தரி பிடித்துத்தான் கொழுந்து வெட்டுவார்கள், குடை பிடிக்க மூன்றாவது கை கிடையாது. அதனால் முதுகுக் கூடையில் குடையைக் கட்டிக்கொண்டு மலை ஏறினார்கள். இத்தனை வருஷம் கொட்டுகிற மழைக்குக் குடை பிடிக்காத சனம், இல்லாத வெயிலுக்குப் பிடித்தது. தானா ராத்தாவுக்குப் போகிற சுற்றுலா பஸ்கள் எல்லாம் ரோட்டோரம் நின்று, ஏதோ திருவிழா என்று படம் எடுத்துத் தள்ள, பின்னால் காய்கறி லோரிகள் ஹார்ன் அடிக்க, எங்கள் துரை ஜீப்பில் வந்து இறங்கினார். துரை என்றால் வெள்ளைக்காரர் அல்ல, ஈப்போ சீனர், ஆனாலும் பங்களாவில் இருப்பவர் எங்களுக்குத் துரைதான். "என்ன இது? யார் சொன்னது?" என்று கேட்டார். பெண்கள் அத்தனை பேரும் ஒரே குரலில், "பழனியப்பன் ஐயா பேப்பர்ல படிச்சாரு துரை" என்றார்கள். ஓய்வு பெற்ற பிறகு துரையிடம் திட்டு வாங்கிய முதல் ஆள் இந்தத் தோட்டத்தில் நானாகத்தான் இருப்பேன்.

இதுவரை எழுதியதைச் சிரித்துவிட்டுப் போகலாம் ஐயா. இனிமேல் எழுதுவது அப்படியல்ல. என் ஒரே மகள் செல்லத்துக்குத் தலைப்பிரசவம், நிறைமாதம், முறைப்படி தாய்வீட்டுக்கு வந்திருந்தாள். துணைக்கு பீடோரிலிருந்து சம்பந்தியம்மா ருக்குமணியும் வந்திருந்தார். கிரகணச் செய்தி கேட்ட நிமிஷமே சம்பந்தியம்மா செல்லத்தை உள்ளறையில் உட்கார வைத்து, ஜன்னல் இடுக்கெல்லாம் பேப்பர் ஒட்டச் செய்து, வாசலில் பாய் போட்டுப் படுத்துக்கொண்டார். செவ்வாய்க்கிழமை ஆஸ்பத்திரிக்குக் காட்டப் போயிருக்க வேண்டும், போகவில்லை. "இது அந்த மாதிரிக் கிரகணம் இல்ல சம்பந்தியம்மா" என்று மெல்ல ஆரம்பித்தேன். "அண்ணே, நீங்களே ராகுன்னீங்க. இப்ப நீங்களே இல்லங்கிறீங்க. எந்த வாயி சொன்னத நான் கேட்கட்டும்?" என்றார். நுணலும் தன் வாயால் கெடும். அவரையும் குற்றம் சொல்வதற்கில்லை. அவருடைய தம்பி உதடு பிளந்து பிறந்தவனாம். கிரகணத்தில் வெளியே போனதால்தான் என்று ஊரே சொல்லிச் சொல்லி, அவர் அம்மா சாகும் வரை அழுதாராம். அவருக்கு இது விளையாட்டு இல்லை.

வியாழக்கிழமை மத்தியானம் செல்லத்துக்கு வலி எடுத்தது. பேறு பார்க்கிற கிழவி செத்து வருஷம் ஆகிறது, இப்போது தானா ராத்தா ஆஸ்பத்திரியை விட்டால் எங்களுக்குக் கதியில்லை. ஆள் போய்ச் சொல்லி அம்மாக்கண்ணு மலையிலிருந்து முதுகில் கூடையும் கூடைமேல் குடையுமாக ஓடி வந்தாள், பின்னாலேயே மற்றப் பெண்களும் வந்துவிட்டார்கள். கிரகரி தேயிலைப் பெட்டி ஏற்றியிருந்த லோரியைப் பின்னுக்கு எடுத்து வாசலில் நிறுத்தி, இன்ஜினை அணைக்காமல் காத்திருந்தான். சம்பந்தியம்மா வாசற்படியில் இரண்டு கையையும் விரித்து நின்றார். "ஒலக்க இன்னும் நிக்குதுண்ணே! எம் பேரப்பிள்ளைக்கு ஒரு கொறன்னா யாரு பதில் சொல்றது?" என்று அழுகிறார். உள்ளே செல்லம், "அப்பா, என்னால முடியலப்பா" என்று கத்துகிறாள். ஆண்டியப்பன் என்னைப் பார்க்கிறார், நான் ஆண்டியப்பனைப் பார்க்கிறேன். என் வாழ்நாளில் அப்படி ஒரு பயம் எனக்கு வந்ததில்லை ஐயா. நான் மூட்டிய தீ என் வீட்டுக் கூரையிலேயே வந்து உட்கார்ந்திருந்தது.

அப்போது அம்மாக்கண்ணு என் பக்கம் திரும்பி, "என்னாங்க, பேப்பர்ல இவ்வளவுதான் போட்டிருந்துச்சா? வேற ஒன்னும் போடலையா? நல்லாப் பாத்துச் சொல்லுங்க" என்றாள். எனக்கு எங்கிருந்து புத்தி வந்ததோ, உள்ளே பாய்ந்து கைக்கு அகப்பட்ட தங்கள் பேப்பரை உருவிக்கொண்டு வாசலுக்கு வந்தேன். கண்ணாடி தேட நேரமில்லை. பொய்யை வாசிக்கக் கண்ணாடி எதற்கு? ரேடியோவில் செய்தி வாசிப்பவர் போலக் குரலை ஏற்றி ஆரம்பித்தேன்.

"மேலும் விஞ்ஞானிகள் கூறுவதாவது, ஓசோனைக் கிழிப்பதும் சூரியனே, அதைத் தைப்பதும் சூரியனே. அடிக்கிற கைதான் அணைக்கும். சூரியன் கொந்தளிக்கும்போது அதன் கதிர் காற்றில் பட்டுப் புது ஓசோன் உண்டாகிறது. கிழிசலெல்லாம் துருவத்தோடு சரி, நம் ஊர்ப் பக்கம் குடை முன்னைவிடக் கெட்டியாகவே இருக்கும். ஆகவே கர்ப்பிணிப் பெண்கள் தாராளமாக வெளியே வரலாம். லோரியிலும் ஏறலாம்."

எல்லாரும் என் கையிலிருந்த பேப்பரையே பார்த்தார்கள். சம்பந்தியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பேப்பர்லயே போட்டிருக்கா?" என்று கேட்டார். "போட்டிருக்கு" என்றேன். கோயில் பக்கம் ஓடின ஆண்டியப்பன் மூச்சிரைக்கத் திரும்பி வந்து, "விழுந்துருச்சு! ஒலக்க விழுந்துருச்சு!" என்று கூவினார். அது எப்படிச் சரியாக அந்த நேரத்தில் விழுந்தது என்று தங்கள் 'வானமும் நாமும்' ஆசாமிதான் எனக்கு விளக்க வேண்டும். சம்பந்தியம்மா கையை இறக்கினார். பெண்கள் செல்லத்தைத் தூக்கி ஏற்றினார்கள். நான் பின்னால் தேயிலைப் பெட்டிகளுக்கு நடுவே உட்கார்ந்து, அத்தனை வளைவிலும் ஒவ்வொரு பெட்டியாக என் மடியில் வந்து விழ, வெட்கமில்லாமல் அழுதுகொண்டே போனேன். குழந்தையின் கழுத்தில் கொடி சுற்றியிருந்ததாம். இன்னும் கொஞ்சம் பிந்தியிருந்தால் சொல்வதற்கில்லை என்றார் டாக்டர். பெண் குழந்தை. உதடு, காது, விரல் எல்லாவற்றையும் சம்பந்தியம்மா மூன்று முறை தடவிப் பார்த்துவிட்டார், ஒரு குறையும் இல்லை.

இத்தோடு முடிந்திருந்தால் நான் தங்களுக்கு எழுதியிருக்க மாட்டேன். அடுத்த ஞாயிறு தங்கள் பேப்பர் வந்தது. நான் போட்ட பொய்க்குப் பரிகாரமாக, அன்று அறிவியல் பகுதியைத்தான் முதலில் எடுத்தேன். எடுத்தவன் அப்படியே நாற்காலியில் சரிந்தேன். சூரியன் உச்சத்தில் இருக்கும்போது புற ஊதாக் கதிர் மிகுந்து, அது காற்றிலுள்ள ஆக்சிஜனை உடைத்து, உடைந்த துண்டுகள் சேர்ந்து ஓசோன் கூடுதலாகவே உண்டாகிறது, மொத்தத்தில் ஒன்றிரண்டு சதவீதம் ஏறுகிறது, புரோட்டான் செய்யும் சேதம் துருவங்களின் உயரத்தோடு நின்று பிறகு ஆறிவிடுகிறது, உண்மையான ஓட்டை மனிதன் ஸ்ப்ரே டின்னிலும் ஐஸ்பெட்டியிலும் அடைத்துவைக்கும் வாயுவால்தான் விழுகிறது, அதற்குச் சூரியன் பொறுப்பல்ல என்று அச்சாகியிருக்கிறது! நான் பழமொழியை வைத்து அவசரத்துக்கு அவிழ்த்துவிட்டது அத்தனையும், லோரியைத் தவிர, அப்படியே விஞ்ஞானம்!

அன்றிலிருந்து எனக்கு நிம்மதி போயிற்று. பேப்பரில் வருவதற்கு முன்பே எனக்குத் தெரிகிறது என்று பேச்சு. மாடு எப்போது கன்று போடும் என்று ஒருவர், நாலு நம்பர் லாட்டரியில் எது விழும் என்று இன்னொருவர். கத்தரியைத் தீட்டக்கூட நல்ல நேரம் கேட்டுக்கொண்டு வருகிறார்கள். நான் வாயைத் திறந்தால் நம்புகிறார்கள், மூடினால் இன்னும் அதிகமாக நம்புகிறார்கள். இப்படி எதையும் நம்புகிற அப்பாவி சனத்தின் மத்தியில் பேப்பர் நடத்துகிற தாங்கள் கொஞ்சம் பார்த்து நடத்த வேண்டாமா? சூரியன் கெடுக்கும் என்று ஒரு வாரமும், சூரியனே கொடுக்கும் என்று மறுவாரமும் போட்டால் நடுவில் இருக்கும் ஆறு நாளுக்கு நாங்கள் எங்கே போவது? பிள்ளை பெறுகிறவள் அடுத்த ஞாயிறு வரை காத்திருப்பாளா? ஆகவே அந்தப் பகுதியை உடனே நிறுத்த வேண்டும். நிறுத்த மனமில்லையென்றால், முழு ஓசோனையும் ஒரே வாரத்தில் அச்சிட வேண்டும். இவ்வளவு நடந்ததற்கும் முதல் பக்கத்தில் ஒரு வருத்தம் தெரிவித்தால், அதைச் சட்டம் போட்டுக் கொட்டகையில் மாட்ட ஆணி அடித்து வைத்திருக்கிறேன்.

மற்றபடி, தங்கள் யந்திரத்துக்கு மை வற்றாமலும், வேன்காரருக்கு டயர் பஞ்சராகாமலும், தங்கள் இல்லத்தாருக்கு ஒரு தலைவலி காய்ச்சல் அண்டாமலும் எங்கள் மாரியம்மன் காத்து நிற்பாளாக. 'வானமும் நாமும்' எழுதுபவரை வேண்டுதலில் சேர்ப்பதில்லை என்று முடிவு செய்துவிட்டேன்.

இப்படிக்கு,
மன வருத்தத்துடன்,
பழனியப்பன்

பின்குறிப்பு: இது ஞாயிறு காலையில் எழுதுவது. ஒட்டுவதற்கு முன்னால் கடிதத்தை அம்மாக்கண்ணுவுக்கு வாசித்துக் காட்டினேன். 'அப்பாவி சனம்' என்ற இடம் வந்ததும் அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தவள்தான், பேரப்பிள்ளை முழித்து அழுகிற வரை நிறுத்தவில்லை. "என்னாங்க, அன்னிக்கு நீங்க படிச்சது நம்ம பேப்பரே இல்ல. சீனப் பேப்பரு. திரிங்காப் காய்கறிக் கடையில முட்டக்கோசு சுத்திக் குடுத்தது. நாந்தான் சன்னலுக்கு ஒட்டுனேன், அதத்தான் நீங்க பிச்சிக்கிட்டு வந்தீங்க" என்றாள்.

"யாருமே பாக்கலையா?" என்றேன்.

"எல்லாருந்தான் பாத்தாங்க."

"ஆண்டியப்பன்?"

"அவரு ஓடிப்போயி ஒலக்கைய ஒரு ஒத ஒதச்சிட்டுத்தான் திரும்பி வந்தாரு."

"சம்பந்தியம்மா?"

"மொதல்ல பாத்ததே அவங்கதான். 'போகலாம்னு யாராச்சும் ஒரு வார்த்த சொல்ல மாட்டாங்களான்னு உசுரக் கையில பிடிச்சிக்கிட்டு நின்னேன், அண்ணன் சொன்னாரு'ன்னு ஆஸ்பத்திரியில என் கையைப் பிடிச்சி அழுதாங்க. எல்லாருக்கும் ஒரு சாக்கு வேண்டியிருந்துச்சு. நீங்க படிச்சீங்க. போதாதா?"

ஆகையால் ஐயா, மேலே எழுதியதில் வணக்கத்தையும் ஆசீர்வாதத்தையும் வைத்துக்கொண்டு மற்றதைத் தள்ளிவிடவும். பகுதியை நிறுத்த வேண்டாம், வருத்தமும் வேண்டாம், ஆணியைப் பிடுங்கிவிட்டேன். எழுதுகிறவரையும் வேண்டுதலில் சேர்த்தாயிற்று. தபால்பெட்டிக்கு இந்தக் கடிதத்தோடு கொட்டகை வழியாகத்தான் போக வேண்டும். நாற்காலி போட்டுவிட்டார்கள், எல்லாரும் வந்து உட்கார்ந்திருக்கிறார்கள், ஒருவர் முகத்திலும் சிரிப்பின் சாயலே இல்லை. கிரகரி மட்டும் லோரியிலிருந்து தலையை நீட்டி, "ஐயா, இந்த வாரம் தமிழா சீனமா லா?" என்று கேட்கிறான்.